மலாக்கா கல்: புதிதாகத் தெரிந்துகொள்பவருக்கு முழுமையான வழிகாட்டி

மலாக்காவின் ஜாசின், அலோர் காஜா பக்கத்துச் செம்பனைத் தோட்டங்களில் முள்ளம்பன்றிக் கல்லைப் பற்றிக் கேட்டால், யாரிடமாவது ஒரு கதை இருக்கும். டிங்கிக் காய்ச்சலை இறக்கும், புற்றுநோயைக் கரைக்கும், வைத்திருப்பவரை விஷம் அண்டாது என்பார்கள். மலாய்க்காரர்கள் இதைக் கெலிகா என்பார்கள். நானூறு ஆண்டுகளுக்கு முன் ஐரோப்பிய அரண்மனைகள் இதே பொருளை "மலாக்கா கல்" என்று தேடி அலைந்தன. வீட்டில் ஒருவர் படுத்த படுக்கையாகும்போது இந்தக் கல்லை விற்க ஆள் வந்து நிற்பார். அதற்கு முன்பே நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டியவை இவை.

முதல் படி: இது என்ன கல்?

மண்ணில் தோண்டி எடுக்கும் கல் அல்ல. செரிக்காத நார், விதை, முடி போன்ற ஏதோ ஒன்று விலங்கின் வயிற்றில் தங்கிவிடுகிறது. அதன்மேல் அடுக்கடுக்காகப் படிந்து இறுகுவதே இந்த உருண்டை. பாரசீகத்துக் காட்டாட்டின் கல்லில் கால்சியம் பாஸ்பேட் போன்ற தாதுக்கள் படிவதால் அது வழவழப்பாகவும் கெட்டியாகவும் இருக்கும். முள்ளம்பன்றியின் கல்லோ பெரும்பாலும் தாவர நார்தான். பழுப்பு நிறம், கடும் கசப்பு.

நம் வீடுகளில் குழந்தைக்கு உரைத்துக் கொடுத்த கோரோசனை வேறு. அது மாட்டின் பித்தப்பையில் உண்டாவது. இரண்டையும் ஒன்றென்று சொல்லி விற்பவரிடம் நின்று பேசவே வேண்டாம்.

இரண்டாம் படி: இதற்கு ஏன் இவ்வளவு மதிப்பு வந்தது?

1511இல் மலாக்காவைப் பிடித்த போர்த்துகீசியருக்கு மிளகும் கிராம்பும் மட்டும் கண்ணில் படவில்லை. கோவாவில் வாழ்ந்த மருத்துவர் கார்சியா த ஓர்த்தா, 1563இல் அச்சான தம் நூலில் விலங்குகளின் வயிற்றுக் கற்களையும் முள்ளம்பன்றிக் கல்லையும் பற்றி எழுதினார். மன்னர்கள் விஷத்துக்கு அஞ்சி வாழ்ந்த காலம் அது. கல்லைப் பொன் கூட்டில் அடைத்து, சங்கிலி கட்டி, தண்ணீரிலோ திராட்சை மதுவிலோ தொங்கவிடுவார்கள். கசப்பு இறங்கியதும் அதைக் குடிப்பார்கள்.

கல்லுக்குத் தட்டுப்பாடு வந்ததும் கோவாவின் இயேசு சபையினர் கஸ்தூரி, அம்பர், முத்துத் தூள் எல்லாம் சேர்த்துச் செயற்கை உருண்டை செய்தார்கள். பொன் வேலைப்பாட்டுக் கூட்டோடு அப்படி ஒன்று நியூயார்க்கின் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதன் படத்தையாவது பாருங்கள். நம் துறைமுகத்தின் பெயரைத் தாங்கிய ஒரு பொருளுக்கு உலகம் எவ்வளவு ஏங்கியது என்பது அப்போது விளங்கும்.

மூன்றாம் படி: கையில் கொடுத்தால் எப்படிப் பார்ப்பது?

ஆட்டுக் கல்லுக்குப் பழைய வியாபாரிகள் இரண்டு சோதனை வைத்திருந்தார்கள். பழுக்கக் காய்ச்சிய ஊசியால் குத்தினால் அது உள்ளே இறங்கக் கூடாது. சுண்ணாம்பு தடவிய தாளில் தேய்த்தால் மஞ்சளோ பச்சையோ கோடு விழ வேண்டும். நார்மயமான முள்ளம்பன்றிக் கல்லை இவற்றால் தீர்மானிக்க முடியாது. நாக்கில் வைத்துக் கசப்புப் பார்ப்பதும் வீண். கசப்பான இலைத்தூளை அழுத்தி உருட்டினாலும் அதே நிறமும் அதே சுவையும் வந்துவிடும். உண்மையைச் சொல்லக்கூடியது ஆய்வுக்கூடம் மட்டுமே. "என் தாத்தா காலத்துக் கல்" என்ற பேச்சு எதற்கும் சான்றாகாது.

1603இல் இங்கிலாந்தில் ஒரு வழக்கு நடந்தது. 100 பவுண்டு கொடுத்து வாங்கிய கல் அசல் அல்ல என்று ஒருவர் பொற்கொல்லர்மீது வழக்குத் தொடுத்தார். அசல் என்று விற்றவர் வாயால் சொன்னது மட்டும் போதாது, அவர் உத்தரவாதம் தந்திருக்க வேண்டும் என்று நீதிமன்றம் கைவிரித்தது. இன்றும் சட்டம் படிப்பவர்கள் இந்த வழக்கைப் படிக்கிறார்கள். மருந்துக் கடையோ கம்பத்து வீடோ, எங்கே வாங்கினாலும் எழுத்தில் எதுவும் தராதவருக்கு ஒரு வெள்ளிகூடக் கொடுக்காதீர்கள்.

நான்காம் படி: வாயில் வைக்கும் முன்

1560களில் பிரான்சில், வெள்ளித் தட்டு திருடியதற்காகத் தூக்குக்கு நின்ற ஒரு சமையல்காரனுக்கு விஷமும் கல்லும் கொடுத்துப் பார்த்தார்கள். சில மணி நேரம் துடித்துச் செத்தான். உடனிருந்த அறுவை மருத்துவர் ஆம்ப்ருவாஸ் பாரே அதை எழுதி வைத்திருக்கிறார். ஆனாலும் கல் விஷத்தை முறிக்கும் என்ற நம்பிக்கைக்குப் பின்னாளில் அறிவியலாளர்கள் நியாயமான ஒரு விளக்கமும் தந்தார்கள். ஆட்டுக் கல்லில் உள்ள பாஸ்பேட்டும் முடியில் உள்ள கந்தகமும், நீரில் கரைந்த ஆர்செனிக்கை ஓரளவு பிடித்துவைக்கும். ஆகவே பழைய நம்பிக்கை முழுக்கக் கற்பனை அல்ல. ஆனால் கிண்ணத்து நீரில் இருக்கும் ஆர்செனிக் வேறு, உடம்பில் இருக்கும் புற்றுநோய் வேறு. முள்ளம்பன்றிக் கல் மனிதரின் புற்றுநோயையோ டிங்கியையோ குணப்படுத்தும் என்பதற்கு மருத்துவச் சான்று இல்லை.

மலேசியாவில் மாத்திரையாகவோ பொட்டலமாகவோ விற்கப்படும் பாரம்பரிய மருந்துக்கு "எம்.ஏ.எல்." என்று தொடங்கும் பதிவு எண் இருக்க வேண்டும். அது இல்லாததைக் குழந்தைக்குக் கொடுக்கவே கூடாது. டிங்கியில் காய்ச்சல் இறங்கும் நேரமே ஆபத்தான நேரம். அந்த நேரத்தில் கல்லைக் கரைத்துக் கொடுத்துவிட்டு வீட்டில் காத்திருப்பது உயிரோடு விளையாடுவது. உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோங்கள்.

ஐந்தாம் படி: முள்ளம்பன்றி

வயிற்றில் கல் இருக்கிறதா என்று வெளியிலிருந்து சொல்ல முடியாது. அதனால் ஒரு கல்லைத் தேடிப் பல விலங்குகள் சாகின்றன. ஓர் ஈற்றில் ஒன்றோ இரண்டோ குட்டி போடும் பிராணி இது. அந்த இழப்பை அதனால் ஈடுகட்ட முடியாது. 2010ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி, உரிமம் இல்லாமல் இதைப் பிடிப்பதும் இதன் பாகங்களை விற்பதும் வைத்திருப்பதும் குற்றம். இளஞ்செம்பனைக் கன்றை அது கடித்துப் போடுவது தோட்டக்காரருக்கு உண்மையான நஷ்டம்தான். அதற்குக் கண்ணி வைக்காதீர்கள். கன்றின் அடியைக் கம்பி வலையால் சுற்றுங்கள். தொல்லை மிஞ்சினால் வனவிலங்குத் துறையான பெர்ஹிலித்தானைக் கூப்பிடுங்கள்.