சிறாரின் சண்டையும் ஆசிரியரின் தீர்ப்பும்

பாலர் வகுப்பிலே சில நாளேனும் படிப்பித்தவர்க்குப் பிள்ளைகளின் கைகலப்புப் புதுமையன்று. முற்றத்து மணலில் இருவர் கட்டிப் புரள்கின்றனர். மூன்றாமவன் ஓடிவந்து முறையிடுகின்றான். ஆசிரியர் விரைந்து சென்று இருவரையும் பிரித்து ஒருங்கே தண்டிக்கின்றார். இஃது எளிய வழி. நடுவுநிலைமை போலவும் தோன்றும். ஆயின், நிகழ்ந்தது சண்டையா விளையாட்டா என ஆராயாது வழங்கிய தீர்ப்பு அநீதியாய் முடிதல் கூடும். விளையாடிய பிள்ளை காரணமறியாது அடிபடுவான். துன்புற்ற பிள்ளையோ இனி முறையிட்டுப் பயனில்லை எனத் துணிந்து வாய்மூடுவான். ஆதலின் தண்டிப்பது எவ்வாறு என்பதற்கு முன், பகுத்தறிவது எவ்வாறு என்பதே நாம் கற்கவேண்டுவது.

விளையாட்டுச் சண்டை

நாய்க்குட்டிகள் ஒன்றையொன்று கவ்விப் புரள்வதை யாவரும் கண்டிருப்பர். அவை கவ்வும், காயப்படுத்தா. மனிதக் குழந்தைகளிடத்தும் இத்தகைய விளையாட்டு உண்டு. இங்கிலாந்திலே பாலர் பள்ளிச் சிறாரைக் கூர்ந்து நோக்கிய பிளர்ட்டன் ஜோன்ஸ் என்னும் ஆய்வாளர், 1967 ஆம் ஆண்டில் வெளியிட்ட கட்டுரையில், முரட்டு விளையாட்டும் மெய்ச்சண்டையும் வெவ்வேறானவை எனக் காட்டினார். விளையாட்டில் முகம் மலர்ந்திருக்கும், சிரிப்பொலி கேட்கும், ஓங்கிய கை விரிந்திருக்கும். சண்டையிலோ புருவம் நெரியும், பார்வை நிலைகுத்தும், பறித்தலும் தள்ளுதலும் அழுகையும் காணப்படும்.

முடிவையும் நோக்குதல் வேண்டும். விளையாடியவர் ஓய்ந்தபின்னும் கூடியே நிற்பர். சண்டையிட்டவர் பிரிந்து செல்வர். நல்ல விளையாட்டில் வலியவன் தன் வலியை அடக்குவான்; துரத்தியவன் அடுத்துத் துரத்தப்படுவான். எப்போதும் ஒருவனே கீழே கிடப்பானாயின், அல்லது ஒருவன் சிரிக்க மற்றவன் சிரியாதிருப்பானாயின், விளையாட்டுத் திரிந்துவிட்டது என அறிந்து ஆசிரியர் இடைப்படுதல் வேண்டும்.

முரட்டு விளையாட்டை முற்றாகத் தடுத்தல் நன்றன்று. தன் கையின் வலிமை பிறனுக்கு எவ்வளவு நோவு தரும் என்பதைப் பிள்ளை அங்கேதான் கற்கின்றான். சில விதிகள் போதும்: சீமெந்துத் தரையிலன்றி மணலிலே விளையாடுதல், கழுத்தையும் முகத்தையும் தொடாமை, தடியும் கல்லும் எடாமை, ஒருவன் “போதும்” என்றவுடன் மற்றவன் கைவிடுதல். கிளித்தட்டு ஆடும் பிள்ளைகள் கோட்டுக்கும் முறைக்கும் கட்டுப்படுவது போல, இவ்விதிகளுக்கும் கட்டுப்படுவர்.

மெய்ச்சண்டை

சிறு பிள்ளைகளின் சண்டை பெரும்பாலும் ஒரு பொருளைப் பற்றியே எழுவது. அடித்தலும் கடித்தலும் இரண்டு, மூன்று வயதளவில் மிகுந்து, பின்னர் படிப்படியாகக் குறைவதைக் கனடாவின் மொன்றியல் நகரிலே ரிச்சட் திரம்பிளே முதலியோர் நடத்திய நெடுங்கால ஆய்வுகள் புலப்படுத்தின. எனவே, அடிக்கும் குழந்தை தீய குழந்தையன்று. அடியாதிருக்க இன்னும் கல்லாத குழந்தை. “எனக்குத் தா”, “இப்போது என் முறை” என்னும் சொற்கள் நாவில் வாராதபோது கை முந்துகின்றது.

ஆசிரியர் செய்யத்தக்கன சில. முதலில் இருவர்க்குமிடையே சென்று, குனிந்து, தாழ்ந்த குரலிற் பேசுக. நோவுற்ற பிள்ளையை முதலிற் கவனிக்க. “யார் தொடங்கியது?” என வினவற்க, அவ்வினா பொய்யையே விளைக்கும். “என்ன நடந்தது? உனக்கு என்ன வேண்டும்?” என ஒவ்வொருவரையும் தனித்தனி கேட்க. சொல்லத் தெரியாத பிள்ளைக்குச் சொல்லை எடுத்துக் கொடுக்க. வலிந்து பெற்ற மன்னிப்பு வெறுஞ்சொல்லாகும். சிதைத்த மணல்வீட்டைத் திரும்பக் கட்ட உதவுதலும், விழுந்தவனுக்குத் தண்ணீர் கொணர்தலும் மெய்யான பரிகாரமாகும்.

ஒரே பிள்ளை மெலியான் ஒருவனையே நாடோறும் வருத்துவானாயின், அது சண்டையன்று, கொடுமை. அங்கே இருவரையும் ஒப்பக் கருதுதல் நீதியன்று. மெலியானைக் காத்து, வருத்துவோனின் பெற்றோருடன் கலந்து, அவன் மனத்திலுள்ள குறையையும் ஆராய்தல் வேண்டும்.

பிரம்பின் பாடம்

“அடி உதவுவது போல அண்ணன் தம்பி உதவான்” என்னும் பழமொழியைப் பிரம்புக்குச் சான்றாகக் கூறுவர். இறைவன் திருவடியையே அச்சொல் குறிக்கும் எனப் பொருள் கொள்வாருமுளர். அப்பொருளே நமக்கு உவப்பானது. 1961 இல் அமெரிக்க அறிஞர் அல்பேட் பந்துராவும் உடனாய்வாளரும் 72 பாலரைக் கொண்டு நடத்திய சோதனையில், காற்றடைத்த பொம்மையைப் பெரியவர் அடிக்கக் கண்ட பிள்ளைகள் தாமும் அவ்வாறே அடித்தனர். அடித்தவனை அடித்துத் திருத்தும் ஆசிரியர், வலியவன் அடிக்கலாம் என்னும் பாடத்தையே கற்பிக்கின்றார். இலங்கையின் கல்வி அமைச்சும் 2005 ஆம் ஆண்டின் 17 ஆம் இலக்கச் சுற்றறிக்கையாற் பாடசாலைகளில் உடற்றண்டனையை விலக்கியது.

பழைய மாணவர்களாகிய நம்மிற் பலர் இன்று தந்தையரும் பாட்டன்மாருமாய் உள்ளோம். வீட்டு முற்றத்திலே பேரப்பிள்ளைகள் மோதும்போது நாமும் நீதிபதிகளே. சற்றே நின்று அவர்தம் முகத்தை நோக்குவோம், இரு பக்கமும் கேட்போம், பின்னர்த் தீர்ப்பளிப்போம். நீதி செய்யப்பெற்ற பிள்ளையே பிறர்க்கு நீதி செய்யக் கற்பான்.