பானை ஓட்டில் வந்த கடிதம்

எங்கள் படிப்பு மையத்துக்கு ஓர் அக்கா வருகிறார். கூலி வேலை செய்பவர். எழுத்துக் கூட்டி நன்றாகப் படிப்பார். ஆனால் எழுதச் சொன்னால் சிலேட்டை மறைத்துக்கொள்வார்.

“பிழை பிழையா வருது தம்பி. நான் எழுதினா யாரு படிப்பாங்க?” என்பார்.

அவருக்கு ஒருநாள் நான் சொன்ன செய்தி இது. நீங்களும் படியுங்கள்.

மிளகு போன வழி

மிளகு நமக்குத் தெரியும். ரசத்துக்கு வேண்டும். சளிக்கும் வேண்டும். சுமார் 2000 ஆண்டுகளுக்கு முன்பு இந்த மிளகுக்காக ரோமானியர் கடல் தாண்டிக் கப்பல் அனுப்பினார்கள். ரோம் என்பது இத்தாலி நாட்டில் உள்ள நகரம். அன்று எகிப்து நாடும் ரோமானியர் ஆட்சியில் இருந்தது.

சேர நாட்டு முசிறியில் மிளகு ஏற்றிய கப்பல்கள் எகிப்தின் செங்கடல் கரைக்குப் போயின. அங்கே மியோஸ் ஹோர்மோஸ் என்று ஒரு துறைமுகம். அங்கிருந்து நைல் ஆற்றின் பக்கம் உள்ள கோப்டோஸ் ஊருக்குச் சரக்கு போக வேண்டும். இடையில் இருப்பது பாலைவனம். தூரம் சுமார் 180 கிலோமீட்டர். ஒட்டகங்களிலும் கழுதைகளிலும் சுமை ஏற்றிப் பல நாள் போவார்கள்.

வழியில் நிழல் இல்லை. தண்ணீர் அரிது. கொள்ளைக்காரர் பயமும் உண்டு.

கோட்டையும் கோபுரமும்

அதனால் வழி நெடுகச் சிறு கோட்டைகள் கட்டினார்கள். பெரிய அரண்மனைக் கோட்டை என்று நினைக்காதீர்கள். ஒரு பக்கம் சுமார் 50 மீட்டர்தான் இருக்கும். நான்கு பக்கமும் கல் சுவர். சுவரை ஒட்டிச் சின்னச் சின்ன அறைகள். பல கோட்டைகளில் நடுவே பெரிய கிணறு. ஒரு கோட்டையில் சில போர்வீரர்கள் மட்டும் இருந்தார்கள்.

கோட்டைகளுக்கு இடையில் மலை உச்சிகளில் காவல் கோபுரங்கள் இருந்தன. இந்த ஒரு வழியில் மட்டும் 60-க்கும் மேற்பட்ட கோபுரங்கள் இருந்தன. ஒரு கோபுரத்தில் நின்றால் அடுத்த கோபுரம் தெரியும். நம் ஊரில் தினைக் கொல்லையில் பரண் கட்டிக் காவல் இருப்பது போலத்தான். கோபுரத்துக் காவலர் வழியைக் கண்காணித்தார்கள். யாருக்கு எப்போது காவல் முறை என்று பெயர் எழுதி வைத்தார்கள்.

எதில் எழுதினார்கள் தெரியுமா? உடைந்த பானை ஓட்டில்!

தாள் போன்ற பொருள் அன்று விலை அதிகம். உடைந்த பானைக்கு விலை ஏது? ஓட்டை எடுத்தார்கள். நாணல் குச்சியை மையில் தொட்டு எழுதினார்கள். பெரும்பாலும் கிரேக்க மொழியில் எழுதினார்கள். படித்து முடித்ததும் ஓட்டைக் குப்பையில் போட்டார்கள்.

குப்பையில் கிடைத்த செய்தி

குரோகோடிலோ என்பது அந்த வழியில் இருந்த ஒரு கோட்டை. 1996, 1997 ஆண்டுகளில் பிரெஞ்சு அறிஞர்கள் அங்கே மண்ணைத் தோண்டி ஆராய்ந்தார்கள். கோட்டை வாசலுக்கு வெளியே இருந்த குப்பை மேட்டையும் தோண்டினார்கள். அதில் நூற்றுக்கணக்கான ஓடுகள் கிடைத்தன. அங்கே மழை மிகக் குறைவு. அதனால் மை அழியவில்லை.

ஓர் ஓட்டில் ஒரு துயரச் செய்தி இருந்தது. அது கி.பி. 118-ஆம் ஆண்டு எழுதியது. பட்கூவா என்ற சிறு கோட்டையை 60 பேர் கொண்ட கூட்டம் தாக்கியது. பகலில் தொடங்கிய சண்டை இரவிலும் நடந்தது. வீரர்கள் மாண்டார்கள். ஒரு பெண்ணையும் இரண்டு குழந்தைகளையும் தாக்கியவர்கள் தூக்கிப் போனார்கள். கோட்டையில் குடும்பங்களும் இருந்தன என்று இதனால் தெரிகிறது.

அந்தோனியுஸ் கெலேர் என்ற குதிரைவீரர் இதை எழுதி மேலதிகாரிக்குத் தெரிவித்தார். அதிகாரி அதை வழியில் உள்ள மற்றக் கோட்டைகளுக்கும் அனுப்பினார். குரோகோடிலோவில் அதை ஓட்டில் படி எடுத்து வைத்தார்கள். எதற்காக? மற்றவர்கள் விழிப்பாக இருப்பதற்காக. வாய்ச் செய்தி ஊருக்கு ஊர் மாறிவிடும். எழுதிய செய்தி மாறாமல் போகும்.

பிழையோடு எழுதிய வியாபாரி

இன்னொருவர் பெயர் பிலோக்ளிஸ். இவர் வியாபாரி. கோட்டையில் இருப்பவர்களுக்குக் காய்கறி அனுப்புவார். அதோடு கடிதமும் அனுப்புவார். கடிதத்தைத் தம் கையாலேயே எழுதினார்.

அவருடைய எழுத்தில் பிழைகள் மிகுதி. காதில் கேட்டபடி எழுதிவிடுவார். ஆனால் அவர் கடிதம் எழுதுவதை நிறுத்தவில்லை. காய்கறி போய்ச் சேர்ந்தது. செய்தியும் போய்ச் சேர்ந்தது. சுமார் 1900 ஆண்டுகள் கழித்து அறிஞர்கள் அதே கடிதங்களைப் படிக்கிறார்கள்!

நம் எழுத்தும் அங்கே

மியோஸ் ஹோர்மோஸ் துறைமுகத்தையும் தோண்டிப் பார்த்தார்கள். அங்கே தமிழ் எழுத்து உள்ள பானை ஓடுகள் கிடைத்தன. கணன், சாத்தன் என்ற பெயர்கள் அவற்றில் இருந்தன. பழைய தமிழ் எழுத்தான தமிழி எழுத்தில் அவை எழுதப்பட்டவை. அதே கடற்கரையில் தெற்கே பெரனிகே என்ற துறைமுகம் உள்ளது. அங்கே 1999-இல் ஒரு பெரிய தாழி கிடைத்தது. அதற்குள் சுமார் 7.5 கிலோ மிளகு இருந்தது. தாழியும் மிளகும் இந்தியாவிலிருந்து போனவை.

கணன் யார், சாத்தன் யார்? அரசர்கள் அல்லர். நம்மைப் போன்றவர்கள்தான். தம் பெயரை எழுதினார்கள். அதனால் இன்றும் அவர்கள் பெயர் நமக்குத் தெரிகிறது.

இதைக் கேட்ட அக்கா சற்று நேரம் பேசவில்லை. பிறகு, “அந்தக் காய்கறிக்காரரு எழுதினாரு. நான் எழுதக் கூடாதா?” என்றார். சிலேட்டை எடுத்தார். வெளியூரில் வேலை செய்யும் மகனுக்கு நான்கு வரி எழுதினார். மூன்று பிழை இருந்தது. நான் திருத்திக் கொடுத்தேன். அடுத்த நாள் அஞ்சல் அட்டையில் எழுதி அவரே தபால் பெட்டியில் போட்டார்.

புதிய சொற்கள்

துறைமுகம் – கப்பல் வந்து நிற்கும் இடம்
படி எடுத்தல் – பார்த்து அப்படியே எழுதுதல்
தாழி – வாய் அகன்ற பெரிய மண்பானை

பேசிப் பாருங்கள்

1. காவல் கோபுரங்களை மலை உச்சியில் ஏன் கட்டினார்கள்?
2. பானை ஓட்டில் எழுதிய மை ஏன் அழியவில்லை?
3. பட்கூவாவில் நடந்ததை மற்றக் கோட்டைகளுக்கு ஏன் எழுதி அனுப்பினார்கள்?

எழுதிப் பாருங்கள்

உங்கள் உறவினர் ஒருவருக்கு ஐந்து வரியில் கடிதம் எழுதுங்கள். பிழை வந்தால் வரட்டும். திருத்திக்கொள்ளலாம்.