அத்தையின் காலமும் உன் காலமும்

அன்பு மகளுக்கு,

பெரியப்பா எழுதுகிறேன். பிளஸ் டூ முடித்ததும் ஸ்ரீபெரும்புதூர் பக்கம் கம்பெனி வேலைக்குப் போகட்டுமா, காலேஜில் சேரட்டுமா என்று போனில் கேட்டாய். "அத்தை போய்ச் சம்பாதிக்கலையா?" என்றும் கேட்டாய். போனில் நின்றபடி சொல்லி முடிகிற விஷயம் இல்லை இது.

அத்தை போனாள், சம்பாதித்தாள். ஆனால் ஒரே வீட்டில் பிறந்தவர்களுக்கும், எந்த மாற்றம் எந்த வயதில் வந்து வாய்க்கிறது என்பதைப் பொறுத்து வாழ்க்கை வேறாகிவிடுகிறது. இதை நம் வீட்டுப் பெண்களை வைத்தே சொல்கிறேன்.

ஆயா அஞ்சாவது வரை படித்தவர். காமராசர் கொண்டுவந்த மதிய உணவு இருந்ததால்தான் அதுவும். ஆறாவதுக்குப் பக்கத்து ஊருக்கு நடக்க வேண்டும். பெண் பிள்ளையை அனுப்பவில்லை. இன்றைக்கும் பால் கணக்கை ஒரு பைசா பிசகாமல் வாயாலேயே போட்டுவிடுகிற அவருக்கு அறிவு குறைவு என்று யார் சொல்ல முடியும்? அவர் பன்னிரண்டு வயதில் இருந்தபோது நம் ஊருக்கு உயர்நிலைப் பள்ளி வரவில்லை, அவ்வளவுதான்.

அத்தை சிறு பெண்ணாக இருந்தபோது நிலைமை கொஞ்சம் மாறியிருந்தது. பெண்ணை எட்டாவது வரை படிக்க வைத்தால் கல்யாணத்துக்கு ரூ.5,000 என்று 1989-இல் மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் பெயரில் அரசுத் திட்டம் வந்தது. அந்தப் பணத்தை நினைத்துப் பள்ளியில் விட்டுவைத்த வீடுகள் நம் தெருவிலேயே உண்டு. விட்டுவைத்த பிள்ளைகள் பத்தாவது, பிளஸ் டூ என்று போனார்கள்.

அவர்கள் படித்து வெளியே வந்த நேரத்தில்தான், 2006 தொடக்கத்தில், ஸ்ரீபெரும்புதூரில் நோக்கியா செல்போன் ஆலை உற்பத்தியைத் தொடங்கியது. உச்சத்தில் சுமார் 8,000 பேர் அங்கே நேரடி வேலையில் இருந்தார்கள். பெரும்பாலும் இருபது வயதைச் சுற்றியவர்கள், அவர்களில் மிகுதியும் பெண்கள். சுற்றிலும் உதிரிபாகம் செய்து கொடுக்கும் கம்பெனிகள் முளைத்தன. அப்படி ஒன்றில்தான் அத்தை சேர்ந்தாள்.

முதல் ஷிப்டுக்கு விடியுமுன் கூட்ரோட்டில் கம்பெனி பஸ் வரும். வளையலைக் கழற்றி ஆயாவிடம் கொடுத்துவிட்டு ஓடுவாள். லைனில் உலோகம் கூடாது, மணிக்கட்டில் நிலைமின்சாரம் தரையிறங்க ஒரு பட்டைதான் கட்ட வேண்டும். சம்பளம் அவள் பெயரில் வங்கிக் கணக்கில் விழுந்தது. ஏடிஎம் கார்டு முதலில் தாத்தாவின் சட்டைப் பையில் இருந்தது. ஒரு தீபாவளிக்குப் பிறகு அது அத்தையின் கைப்பைக்கு மாறிவிட்டது. யாரும் அதைப் பற்றிப் பேசவில்லை. ஆனால் அதற்குப் பிறகு மாப்பிள்ளை பார்க்க வந்தவர்களிடம், "அவளைக் கேட்டுச் சொல்கிறோம்" என்று தாத்தா சொல்ல ஆரம்பித்தார். நம் வீட்டில் அதுவரை நான் கேட்டிராத வாக்கியம் அது. இந்த மாற்றத்தை எந்தக் கூட்டத்திலும் பேசிக் கொண்டுவந்திருக்க முடியாது. பெண் கைக்கு மாதாமாதம் வந்த கூலி கொண்டுவந்தது.

பிறகு என்ன ஆயிற்று என்பதையும் நீ தெரிந்துகொள்ள வேண்டும். ஸ்மார்ட்போன் வந்து சந்தை மாறியது. நோக்கியா தன் செல்போன் தொழிலை மைக்ரோசாஃப்டுக்கு விற்றது. வரி வழக்கில் சிக்கியிருந்ததால் ஸ்ரீபெரும்புதூர் ஆலை அந்த விற்பனையில் சேரவில்லை. 2014 நவம்பர் 1-ஆம் தேதி உற்பத்தி நின்றது. அதை நம்பியிருந்த சின்னக் கம்பெனிகளும் தள்ளாடின. அத்தைக்கு அப்போது இருபத்தேழு வயது. கையில் பிளஸ் டூ மார்க் ஷீட்டும் அனுபவச் சான்றிதழும். ஆனால் ஆள் எடுத்த மற்ற இடங்களில் பதினெட்டு, இருபது வயதுப் பெண்களையே தேடினார்கள். ஏழு வருஷம் பிழையில்லாமல் வேலை பார்த்தவளை, வயதைச் சொல்லித் திருப்பி அனுப்பினார்கள். இது அநியாயம். அவள் சோம்பியிருந்ததாக யாராவது சொன்னால் நம்பாதே.

அமெரிக்கச் சமூகவியலாளர் கிளென் எல்டர் 1974-இல் ஒரு நூல் எழுதினார். 1930-களின் பொருளாதாரப் பெருமந்தத்தில் வளர்ந்த பிள்ளைகளைப் பற்றியது அது. 1920, 21-இல் பிறந்தவர்கள் மந்தம் வந்தபோது வீட்டுக்குத் தோள்கொடுக்கிற வயதில் இருந்தார்கள்; பலர் பின்னாளில் நன்றாகவே நிமிர்ந்தார்கள். அதற்கு ஏழெட்டு ஆண்டு கழித்துப் பிறந்த ஆண் பிள்ளைகளை அதே மந்தம் அதிகம் பாதித்ததாகப் பிற்பாடு நடந்த ஆய்வில் கண்டார். எனக்கு அதைப் படித்தபோது அத்தைதான் நினைவுக்கு வந்தாள். ஆலை திறந்தபோது அவள் சரியான வயதில் இருந்தாள். மூடியபோது தவறான வயதில்.

இனி உன் காலம். மூடிக்கிடந்த நோக்கியா ஆலை இடத்திலேயே இப்போது வேறு கம்பெனி ஓடுகிறது. ஐபோன் அந்த வட்டாரத்தில் தயாராகிறது. வல்லம் வடகாலில் 18,720 பெண்கள் தங்கும் விடுதியை 2024-இல் திறந்திருக்கிறார்கள். இந்தியாவில் ஆலை வேலை பார்க்கும் பெண்களில் நூற்றுக்கு நாற்பது பேருக்கு மேல் தமிழ்நாட்டில் இருக்கிறார்கள். ஆகவே வேலை இருக்கிறது, மரியாதையான வேலைதான். கம்பெனிக்குப் போவது கேவலம் என்று பேசுகிறவர்களுடன் எனக்கு உடன்பாடு இல்லை.

ஆனால் அத்தைக்கு இல்லாத ஒன்று உனக்கு இருக்கிறது. அன்று கல்யாணத்துக்குத் தந்த பணத்தை 2022-இல் படிப்புக்கு என்று மாற்றிவிட்டார்கள். ஆறாவது முதல் பிளஸ் டூ வரை அரசுப் பள்ளியில் படித்த உனக்கு, கல்லூரியோ டிப்ளமோவோ முடிக்கும்வரை புதுமைப் பெண் திட்டத்தில் மாதம் ரூ.1,000 கிடைக்கும். கணக்கும் இயற்பியலும் எடுத்திருக்கிறாய். பாலிடெக்னிக்கில் நேரடியாக இரண்டாம் ஆண்டு சேரலாம். இரண்டே வருஷம். அதற்குப் பிறகு அதே கம்பெனிக்குள் போனால், லைனில் உட்காருகிறவளாக மட்டும் இல்லாமல், மெஷினைப் பார்த்துக்கொள்கிறவளாகப் போகலாம். ஆலை மூடினாலும் அந்தப் படிப்பு உன்னுடன் வரும்.

வேலைக்கு எப்போது போனாலும் சிலதைக் கேட்டுவிட்டுப் போ. வேலை ஆர்டர் கம்பெனி பெயரில் வருகிறதா, கான்ட்ராக்ட்காரர் பெயரிலா? பி.எஃப்., இ.எஸ்.ஐ. உண்டா? விடுதிக்கும் சாப்பாட்டுக்கும் பிடித்ததுபோகக் கைக்கு என்ன வரும்? இதைக் கேட்டால் கோபப்படுகிற இடத்தில் சேராதே.

உன் அப்பாவுக்குப் பணக்கவலை இருப்பது தெரியும். முதல் வருஷச் செலவை நான் பார்த்துக்கொள்கிறேன். அவனிடம் நானே பேசுகிறேன். விண்ணப்பத்துக்குக் கடைசி நாள் வரை காத்திருக்காமல் மார்க் ஷீட், சாதிச் சான்றிதழ், ஆதார் நகலை எடுத்து வை. விண்ணப்பிக்கப் போகிற வழியில் அத்தை வீட்டில் ஒரு நாள் தங்கி, அந்த ஏழு வருஷத்தைப் பற்றி அவளிடமே கேள். என்னைவிட அவளுக்கு நன்றாகத் தெரியும்.

அன்புடன்,
பெரியப்பா