தரையில் இறக்கிவிட்டு இறுக்குங்கள்

14,700 ரூபாய். ஒரு போல்ட்டை எந்த நிலையில் இறுக்க வேண்டும் என்று தெரிந்திருந்தும், ஒர்க்‌ஷாப்பில் ஒரு முறை கேட்டுவிட்டு வாயை மூடிக்கொண்டதற்கு நான் கொடுத்த விலை. லோயர் ஆர்ம் இரண்டு, முன் டயர் இரண்டு, மறுபடியும் ஓர் அலைன்மெண்ட். பழைய கார் வைத்திருப்பவர்கள் யாரும் இந்தக் காசை இனிமேல் கொடுக்கக் கூடாது என்றுதான் எழுதுகிறேன்.

என் வண்டி 2008 மாடல் ஸ்விஃப்ட், பெட்ரோல். தேனியில் வீடு. கண்டமனூர் வழியாகப் போய்க் கடமலைக்குண்டு தாண்டி ஒரு கிராமத்துப் பள்ளியில் அறிவியல் ஆசிரியை. தினமும் போக வர 60 கிலோமீட்டருக்கு மேல். ஊருக்கு ஊர் வேகத்தடை. இந்திய சாலைக் காங்கிரஸ் 1988-லேயே அளவு சொல்லியிருக்கிறது: 3.7 மீட்டர் அகலம், 10 சென்டிமீட்டர் உயரம், 25 கிலோமீட்டர் வேகத்தில் அலுங்காமல் ஏறி இறங்க வேண்டும். எங்கள் வழியில் இருப்பவற்றில் பாதி, குறுகலாகச் சுவர் மாதிரி எழுப்பியவை. நடந்து போகிற வேகத்தில் ஏறினாலும் வண்டி குதித்துத்தான் இறங்கும்.

"பதினேழு வருஷ வண்டிக்கு இன்னும் செலவு பண்ணணுமா? வித்துட்டுப் புதுசு எடு" என்று வீட்டில் எல்லோரும் சொன்னார்கள். இன்ஜின் எண்ணெய் குடிக்கவில்லை. பாடியில் துரு இல்லை. ஆறு ஏழு லட்சத்துக்குக் கடன் வாங்கி, மாதாமாதம் தவணை கட்டி, அந்தப் புது வண்டியையும் இதே வேகத்தடையில்தானே ஏற்றப் போகிறேன்? வண்டியை வைத்துக்கொண்டதில் எனக்கு இன்றுவரை வருத்தமில்லை.

சத்தமும் ஷாக்கும்

மழைக்காலம் முடிந்து சாலை எல்லாம் பள்ளமாகிக் கிடந்த தை மாதத்தில் முன்பக்கம் இடதுபுறம் 'டொக்' என்று ஆரம்பித்தது. முதலில் வேகத்தடையில் மட்டும். பிறகு பிரேக் மிதித்தாலும். பிறகு ரிவர்ஸ் எடுத்து, நிறுத்தி, முன்னால் நகர்த்தும்போதும் ஒரு முறை.

முதலில் போன இடத்தில் வண்டியை ஓட்டிக்கூடப் பார்க்கவில்லை. "ஸ்பீடு பிரேக்கர்ல சத்தம் வந்தா ஷாக்தான் டீச்சர். ஜோடியா மாத்திருவோம்." மாற்றினார்கள். கூலியோடு 7,200 ரூபாய். மறுநாள் காலை கண்டமனூர் வருவதற்குள் அதே 'டொக்'. கழற்றிய பழைய ஷாக்கை வாங்கிக்கொண்டு வந்திருந்தேன். ஒரு சொட்டு எண்ணெய்க் கசிவு இல்லை. கையால் அழுத்தினால் கடினமாக இறங்கியது, விட்டதும் சீராக ஏறியது. நல்ல ஷாக்கைக் கழற்றிப் போட்டிருக்கிறார்கள். அந்தக் கோபத்தில்தான் நானே கற்றுக்கொண்டேன்.

சத்தத்தை வைத்துப் பொருளைக் கண்டுபிடிக்க எனக்குப் பயன்பட்ட வழிகளைச் சொல்கிறேன்.

முழு அகல வேகத்தடையில் நேராக, மெதுவாக ஏறுங்கள். இரண்டு முன் சக்கரமும் ஒன்றாக ஏறி ஒன்றாக இறங்கும். அப்போது சத்தம் இல்லை, ஆனால் ஒரு சக்கரம் மட்டும் பள்ளத்தில் விழும்போது சடசடவென்று வருகிறதென்றால், ஸ்டெபிலைசர் பாரை இரண்டு பக்கமும் சஸ்பென்ஷனோடு இணைக்கும் லிங்க் ராடைப் பாருங்கள். ஸ்டெபிலைசர் பாருக்கு வேலை வருவதே இரண்டு பக்கமும் வேறு வேறு உயரத்தில் ஆடும்போதுதான். லிங்க் ராடைச் சோதிக்கும்போது ஒரு பக்கத்தை மட்டும் ஜாக்கியில் தூக்காதீர்கள். பார் முறுக்கி இழுத்துப் பிடித்துக்கொள்ளும், ஆட்டம் தெரியாது. இரண்டு சக்கரமும் தரையில் இருக்கட்டும், அல்லது இரண்டும் மேலே இருக்கட்டும்.

நின்ற இடத்தில் ஸ்டியரிங்கைத் திருப்பும்போது ஸ்பிரிங் விடுபடுகிற மாதிரி ஒலித்தால் ஸ்ட்ரட் மவுண்ட். பானெட்டைத் திறந்து மவுண்ட் மேல் விரலை வைத்துக்கொண்டு, இன்னொருவரைத் திருப்பச் சொன்னால் விரலுக்கே தெரியும்.

சக்கரத்தைத் தரையிலிருந்து தூக்கி, இரண்டு பக்கவாட்டிலும் பிடித்து ஆட்டினால் டை ராட் எண்டின் ஆட்டம் தெரியும். மேலும் கீழும் பிடித்து ஆட்டும்போது ஆடினால் வீல் பேரிங் அல்லது பால் ஜாயிண்ட். அதே நேரத்தில் ஒருவரைப் பிரேக்கை மிதிக்கச் சொல்லுங்கள். ஆட்டம் நின்றுவிட்டால் பேரிங். நிற்கவில்லை என்றால் பால் ஜாயிண்ட். அதைத் தள்ளிப் போடாதீர்கள். பால் ஜாயிண்ட் கழன்றால் சக்கரம் மடங்கிவிடும்.

பிரேக் மிதிக்கும்போதும், ரிவர்ஸிலிருந்து முன்னால் எடுக்கும்போதும் ஒரே ஒரு 'டொக்' வந்தால், சக்கரத்தைச் சேஸிஸோடு இணைக்கும் லோயர் ஆர்மின் ரப்பர் புஷ். என் வண்டியில் அதுதான். வாசலில் வண்டியை ஸ்டாண்டில் நிறுத்தி, பிளஸ் டூ படிக்கிற என் மகன் டார்ச் பிடிக்க, ஆர்முக்கும் சேஸிஸுக்கும் நடுவே ஒரு லீவர் ராடைக் கொடுத்து நெம்பினேன். ஆர்ம் ஒரு விரல் கனத்துக்கு நகர்ந்து, விட்டதும் 'டொக்' என்று பழைய இடத்துக்கு வந்தது. மூன்று வாரமாக நான் கேட்ட சத்தம் என் கைக்குள்ளேயே கேட்டது. புஷ்ஷின் ரப்பர், கோடையில் கண்மாய்த் தரை வெடிப்பதுபோல வெடித்து, பாதி வட்டத்துக்குப் பிளந்திருந்தது.

நான் செய்த தவறு

என்ன மாற்ற வேண்டும் என்று எனக்குத் தெரிந்துவிட்டது. ஆனாலும் அந்த வேலையை நானே செய்யத் துணிவில்லை. லிஃப்ட் வைத்திருக்கிற, கொஞ்சம் பெரிய இன்னொரு ஒர்க்‌ஷாப்புக்குப் போனேன். இரண்டு பக்கமும் புது லோயர் ஆர்மை 4,800 ரூபாய்க்கு நானே வாங்கிக்கொண்டு போனேன். புஷ்ஷை மட்டும் பிரஸ் செய்து மாற்றினால் செலவு குறையும் என்றார்கள். ஆர்மின் மறுமுனையில் இருக்கும் பால் ஜாயிண்டுக்கும் அதே வயதுதானே? ஆறு மாதம் கழித்து அதற்காக மறுபடி கழற்ற எனக்கு விருப்பமில்லை. இப்போது கேட்டாலும் முழு ஆர்மாகத்தான் வாங்குவேன்.

முதல் நாள் இரவு சர்வீஸ் புத்தகத்தைப் படித்துவிட்டுத்தான் போயிருந்தேன். போல்ட்டுகளைக் கையால் மட்டும் திருகி மாட்டிவிட்டு, வண்டியின் எடை சக்கரத்தின் மேல் வந்த பிறகுதான் கடைசி இறுக்கு. காரணம் புத்தகத்தில் இல்லை என்றாலும் எனக்குப் புரிந்தது. புஷ்ஷின் நடுவில் ஓர் இரும்புக் குழாய், வெளியே ஓர் இரும்பு வளையம், இரண்டையும் ஒட்டிக்கொண்டு நடுவில் ரப்பர். வெளி வளையம் ஆர்மோடு சேர்ந்தது. போல்ட்டை இறுக்கியதும் உள்குழாய் சேஸிஸோடு சேர்ந்துகொள்ளும். அதன்பிறகு ஆர்ம் ஏறி இறங்கும்போதெல்லாம் ரப்பர்தான் முறுக்கிக்கொண்டு வழி விட வேண்டும்.

வண்டி லிஃப்டில் தொங்கும்போது சக்கரம் தாழ்ந்து, ஆர்ம் கீழே சாய்ந்திருக்கும். அந்த நிலையில் இறுக்கினால் ரப்பருக்கு அதுதான் ஓய்வு நிலை. தரையில் இறக்கியதும் ஆர்ம் மேலே வரும், ரப்பர் முறுக்கியபடியே நிற்கும். ஈரத் துணியைப் பிழிந்து அப்படியே பிடித்துக்கொண்டிருப்பதுபோல. இரவு முழுக்க வாசலில் சும்மா நிற்கும்போதும் அந்த முறுக்கு விடாது. வேகத்தடையில் சக்கரம் மேலே ஏறும்போது அது இன்னும் கூடும்.

இவ்வளவும் தெரிந்த நான், லிஃப்டுக்குக் கீழே நின்று பார்த்துக்கொண்டிருக்கும்போதே, சக்கரம் தொங்கிக்கொண்டிருக்க, மெக்கானிக் நீளக் கைப்பிடியைப் போட்டு 'கடக்' என்று இறுக்கினார். கேட்டேன். கேட்கவில்லை என்று யாரும் சொல்ல முடியாது.

"அண்ணே, வண்டிய இறக்கிட்டுத்தான கடைசியா இறுக்கணும்?"

"அதெல்லாம் புக்குல எழுதி வச்சிருப்பாங்க டீச்சர். நாங்க தினம் நாலு வண்டி ஏத்தி இறக்குறோம். நீங்க அங்கிட்டுப் போயி உக்காருங்க. சார் வரலையா?"

சார் வரவில்லை. சாருக்குக் கார் ஓட்டவே தெரியாது. நான் போய் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்தேன். சுற்றி நான்கு பேர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒரு பொம்பளை நமக்குப் பாடம் எடுக்கிறாள் என்று நினைத்துவிடுவார்களோ என்று தயங்கினேன். கூலி 1,500, அலைன்மெண்ட் 500 கொடுத்துவிட்டு வந்தேன். வண்டி சத்தமில்லாமல் ஓடியது. நான் படித்ததுதான் தப்போ என்றுகூட நினைத்தேன்.

நான்காவது மாதம் மறுபடியும் 'டொக்'. இந்த முறை கூடவே ஸ்டியரிங் இடதுபுறம் இழுத்தது. டயரைக் குனிந்து பார்த்தால் வெளிப்பக்கம் பட்டன் எல்லாம் நன்றாக இருக்கிறது, உள்விளிம்பில் மட்டும் கம்பி தெரிகிறது. நின்று கொண்டு பார்த்தால் தெரியாத இடம். புஷ் தளர்ந்ததும் சக்கரத்தின் கோணம் ஓட ஓட மாறி, டயரைத் தரையில் வைத்து உரசித் தேய்த்திருக்கிறது. 165/80 ஆர்14, இரண்டு டயர் 9,400 ரூபாய்.

அதே ஒர்க்‌ஷாப்புக்குப் போனேன். "நீங்க வாங்கிட்டு வந்த சாமான் டூப்ளிகேட்டா இருக்கும் டீச்சர். ரோடும் மோசம்" என்றார்கள். கழற்றிய ஆர்மைக் கையில் வாங்கிப் பார்த்தேன். பழைய புஷ் காய்ந்து வெடித்திருந்தது. இதில் ரப்பர் புதுசு, நகத்தால் அழுத்தினால் உள்ளே போகிறது. ஆனால் படுக்கைவாட்டில் போல்ட் போகிற புஷ்ஷில், உள்குழாயைச் சுற்றிக் கத்தியால் வளைத்து அறுத்ததுபோல ஒரு கிழிசல். இரண்டு பக்கமும் ஒரே இடத்தில், ஒரே மாதிரி. சாமான் மட்டம் என்றால் இரண்டும் ஒரே மாதிரியா கிழியும்? முறுக்கிக் கிழிந்தது என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்? அதைச் சொன்னேன். யாரும் பதில் பேசவில்லை.

நானே மாட்டியது

அடுத்த ஜோடி ஆர்மை வீட்டு வாசலில் நானும் மகனும் மாட்டினோம். உங்களுக்கும் சனிக்கிழமை விடுமுறையும் வாசலில் ஒரு சமமான சிமெண்ட் தளமும் இருந்தால் போதும்.

வேலை தொடங்கும் முன், வண்டி தரையில் நிற்கும்போதே ஓர் அளவு எடுங்கள். சக்கரத்தின் நடுப்புள்ளியிலிருந்து நேர் மேலே மட்கார்டு விளிம்பு வரை. என் வண்டிக்கு 37 சென்டிமீட்டர். மட்கார்டிலேயே சாக்பீஸால் எழுதி வைத்தேன். இந்த ஒரு எண்தான் முழு வேலையின் உயிர்.

மற்றதெல்லாம் எல்லோரும் செய்வதுதான். வீல் நட்டைத் தரையிலேயே தளர்த்துங்கள், பின் சக்கரங்களுக்குக் கல் கொடுங்கள், ஜாக்கியை மட்டும் நம்பி அடியில் போகாமல் இரண்டு பக்கமும் ஸ்டாண்ட் வையுங்கள். போல்ட்டுகளுக்கு முதல் நாள் இரவே துரு விடுகிற எண்ணெய் அடித்துவிடுங்கள். பால் ஜாயிண்டைக் கழற்றி, ஆர்மை இறக்கி, புதியதை மாட்டி, போல்ட்டுகளைக் கையால் திருகி விடுங்கள். நைலான் வளையம் உள்ள நட்டுகளைப் புதிதாக வாங்குங்கள், முப்பது நாற்பது ரூபாயில் கஞ்சத்தனம் வேண்டாம். ஸ்பிரிங்கைக் கழற்றும் வேலை வந்தால் மட்டும் கடைக்குப் போங்கள். அமுங்கிய ஸ்பிரிங் நழுவினால் கையை எடுத்துக்கொண்டு போய்விடும்.

இனிதான் முக்கியம். ஜாக்கியை ஆர்மின் வெளிமுனைக்கு அடியில், பால் ஜாயிண்ட் பக்கத்தில் ஒரு மரத்துண்டு வைத்துக் கொடுத்து, மெதுவாக உயர்த்துங்கள். ஹப்பின் நடுவிலிருந்து மட்கார்டுவரை டேப்பைப் பிடித்துக்கொண்டே இருக்க வேண்டும். 44, 41, 39 என்று மகன் சொல்லிக்கொண்டே வந்தான். 37 வந்ததும் நிறுத்தினேன். ஸ்டாண்டிலிருந்து வண்டி எழும்புகிறதா என்று ஒரு கண் அங்கேயும் இருக்கட்டும். எழும்பினால் உடனே நிறுத்திவிடுங்கள், சக்கரத்தை மாட்டித் தரையில் இறக்கிக்கொண்டு இறுக்கலாம். 37-இல் நிற்கும்போது ஆர்ம் சாலையில் நிற்கிற அதே வாட்டத்தில் இருக்கிறது. அப்போது டார்க் ரெஞ்ச் போட்டுப் புத்தகத்தில் உள்ள அளவுக்கு இறுக்கினேன். 'க்ளிக்' என்றது. நான்கு மாதத்துக்கு முன் வண்டியை லிஃப்டிலிருந்து இறக்கியதும் கேட்டிருக்க வேண்டிய சத்தம்.

டார்க் ரெஞ்ச், ஸ்டாண்ட் ஜோடி இரண்டுக்கும் சேர்த்து 4,400 ஆனது. கூலி கொடுத்தால் மூன்றே வேலையில் போய்விடும் தொகை. வாங்கி வையுங்கள். மறுநாளே அலைன்மெண்ட் பார்த்துவிடுங்கள், அதையும் தள்ளிப் போடாதீர்கள்.

பதினொரு மாதம் ஆகிறது. மாதத்தின் முதல் சனிக்கிழமை டார்ச்சோடு குனிந்து புஷ்ஷைப் பார்க்கிறேன். டயரின் உள்விளிம்பை விரலால் தடவிப் பார்க்கிறேன். கிழிசல் இல்லை, தேய்மானம் இல்லை. அதே பெயருள்ள சாமான், அதே ரோடு, அதே வேகத்தடை.

எல்லோரும் வாசலில் உட்கார்ந்து கையைக் கறையாக்க வேண்டும் என்று நான் சொல்லவில்லை. ஒர்க்‌ஷாப்பிலேயே மாற்றுங்கள். ஆனால் நாற்காலிக்குப் போகாதீர்கள். லிஃப்ட் பக்கத்திலேயே நில்லுங்கள். சார் வரவில்லையா என்று கேட்டால், வண்டி என்னுடையது என்று சொல்லுங்கள். அன்று நான் தொண்டையிலேயே விழுங்கிய வாக்கியத்தை உங்களுக்குத் தருகிறேன், அப்படியே சொல்லுங்கள்:

"அண்ணே, வண்டியக் கீழ இறக்கிட்டு இறுக்குங்க. என் கண்ணு முன்னாடி இறுக்கினாத்தான் காசு."