சுவர் இல்லாத வீடு

கேள்வி: இப்போதெல்லாம் நவீன நாடகங்களில் மேடை வெறுமையாகவே கிடக்கிறதே, செலவைக் குறைக்கத்தானா?

பதில்: செலவும் ஒரு காரணம்தான். ஆனால் ஆர்தர் மில்லரின் ‘டெத் ஆஃப் எ சேல்ஸ்மேன்’ நாடகம் 1949-இல் நியூயார்க்கில் அரங்கேறியபோது அரங்க வடிவமைப்பாளர் ஜோ மீல்சைனர் போட்ட அரங்கைப் பாருங்கள். நாடகத்தின் நாயகன் வில்லி லோமனின் வீட்டுக்கு அவர் முழுச் சுவர் எழுப்பவில்லை, எலும்புக்கூடு போலச் சட்டங்களை நிறுத்தினார். நிகழ்காலக் காட்சிகளில் எல்லோரும் வாசல் வழியாகத்தான் வருவார்கள். வில்லியின் நினைவு பின்னோக்கி ஓடியதும் இல்லாத சுவரைக் கடந்து நடப்பார்கள். நெருக்கி நிற்கும் அடுக்குமாடிகள் மங்கி, வீடெங்கும் இலைகள் படரும். அத்தனையும் ஒளியால் வரைந்த இலைகள்! மாடியில் படுத்திருக்கும் மகன்கள் சற்று நேரத்தில் சிறுவர்களாகக் கீழே ஓடிவர வேண்டுமே? கட்டிலோடு மறைவாக ஒரு லிஃப்ட் வைத்து, பார்ப்பவர் கண்ணில் படாமல் அவர்களை இறக்கிவிட்டார். ஒவ்வொரு நினைவுக்கும் திரையை இறக்கி அரங்கை மாற்றியிருந்தால் அந்த மனிதரின் மனம் நொறுங்குவது நமக்கு எட்டியே இருக்காது.

அடுத்த முறை நாடகத்துக்கு ஐந்து நிமிடம் முன்னதாகவே போய், ஆளில்லாத அந்த மேடையைக் கொஞ்ச நேரம் பாருங்கள்.