ஒன்பது விநாடி கிருஷ்ணன்



போன செமஸ்டரில் ஒரு பாடம் எனக்குக் காலை வாரிவிட்டது. டெங்கில் வீட்டில் புத்தகத்தைத் திறக்கவே மனசு வரல. போனில் பழைய விம்பிள்டன் செய்திப்படங்களைப் பார்த்துக்கொண்டு கிடந்தேன். எல்லாம் கறுப்பு வெள்ளை. ஓர் இடத்தில், வெள்ளை உடையும் மர மட்டையுமாக நம்ம ஆள் ஒருவர்! பந்தை மெதுவாகத் தட்டி, எதிராளிக்கு எட்டாத மூலையில் வைத்தார். உடனே காட்சி மாறிவிட்டது. திரும்ப ஓட்டி எண்ணினேன். ஒன்பதே விநாடி.

அவர் ராமநாதன் கிருஷ்ணன். 1937-இல் நாகர்கோவிலில் பிறந்த தமிழர். அப்பா டி.கே. ராமநாதன்தான் ஆட்டம் சொல்லிக் கொடுத்தவர். 1954-இல் விம்பிள்டன் இளையோர் பட்டத்தை வென்ற முதல் ஆசியர் ஆனார். 1960, 1961 இரண்டு ஆண்டும் அரையிறுதி வரை போனார். 1961 காலிறுதியில் ராய் எமர்சனை நேர் செட்களில் வீழ்த்தினார்.

அப்புறம் ஏன் ஒன்பது விநாடி? அரையிறுதியில் 1960-இல் நீல் ஃபிரேசரிடமும், 1961-இல் ராட் லேவரிடமும் தோற்றார். அந்தந்த ஆண்டு பட்டமும் அவர்களுக்கே போனது. செய்திப்படமோ சில நிமிடம்தான். கேமரா கோப்பை பின்னாலேயே ஓடும்.

சினிமா ஃபிலிமில் விநாடிக்கு 24 படங்கள். அப்படியென்றால் கிருஷ்ணனுக்குக் கிடைத்தது 216 படங்கள். அப்பாவும் மகனுமாக வருடக்கணக்கில் செய்த பயிற்சிக்கு ஒரு படம்கூட இல்லை. ஆனால் அந்த ஒன்பது விநாடி ஆட்டத்தில் தெரிவதே அந்தப் பயிற்சிதானே?

இன்னொன்றும் பாருங்கள். 1966, கல்கத்தா. டேவிஸ் கோப்பையில் பிரேசிலுடன் 2-2 சமநிலை. கடைசி ஆட்டத்தில் தாமஸ் காக், கிருஷ்ணனை செட் கணக்கில் 2-1 என முந்தியிருந்தார். நான்காவது செட்டிலும் 5-2 என முன்னிலை. அந்த இடத்தில் படத்தை நிறுத்தினால் கிருஷ்ணன் தோற்றவர். அவர் நிறுத்தவில்லை. அந்த செட்டை 7-5, அடுத்ததை 6-2 என்று எடுத்தார். இந்தியா முதன்முறையாக இறுதிச் சுற்றுக்குப் போனது.

என் மதிப்பெண் பட்டியலும் நடுவில் நிறுத்திய ஒரு படம்தான் என்று அன்றைக்குப் புரிந்தது. போனை வைத்துவிட்டு, முதல் அத்தியாயத்திலிருந்து மறுபடி கணக்குப் போட ஆரம்பித்தேன். மறுதேர்வு இன்னும் வரவில்லை. முடிவு எனக்கும் தெரியாது.

கலந்து பேச:
1. யாரும் பார்க்காதபோது நீங்கள் விடாமல் செய்யும் பயிற்சி எது?
2. நீங்கள் 5-2 என்ற இடத்தில் கைவிட்டது எது? அதை மறுபடி தொடங்க முடியுமா?