எல்லைச் சாலையில் விபத்தும் நம் உரிமையும்

கவரப்பேட்டையிலிருந்து சத்தியவேட்டுக்குச் செல்லும் சாலை இரண்டு மாநிலங்களுக்கு உரியது. முன்பு செங்கற்பட்டு மாவட்டத்தில் இருந்த சத்தியவேடு, 1960 ஏப்ரல் 1 முதல் ஆந்திரத்தின் சித்தூர் மாவட்டத்தைச் சேர்ந்தது. 2022 முதல் திருப்பதி மாவட்டத்தில் இருக்கிறது. எல்லைக்கோடு மாறினும், உறவும் பிழைப்பும் இன்றும் இருபுறமும் பரவியுள்ளன.

அச்சாலையில், ஆந்திர எல்லைக்குள், தமிழ்நாட்டவர் ஒருவர் மீது கார் மோதிவிட்டதாகக் கொள்வோம். "வேற்று மாநிலக் கோர்ட்டுக்கு யார் அலைவது?" என்று அஞ்சி, சாலையோரத்தில் நீட்டப்படும் சில ஆயிரம் ரூபாயோடு குடும்பம் ஒதுங்கிவிட வேண்டுமா? வேண்டியதில்லை என்கிறது சட்டம்.

விபத்து நஷ்ட ஈட்டுக்கெனத் தனித் தீர்ப்பாயங்கள் அமைக்க 1956ஆம் ஆண்டுத் திருத்தம் வழி செய்தது. நெடுங்காலம், விபத்து நடந்த இடத்துத் தீர்ப்பாயத்தில்தான் மனுச் செய்யவேண்டியிருந்தது. 1994ஆம் ஆண்டுத் திருத்தம் அந்தத் தளையை அறுத்தது. இன்று விபத்து நடந்த இடத்திலோ, மனுதாரர் வாழும் அல்லது தொழில் செய்யும் இடத்திலோ, எதிர்தரப்பினர் வாழும் இடத்திலோ மனுச் செய்யலாம். ஆகவே ஊத்துக்கோட்டைக்காரர் தம் மாவட்டத்திலேயே வழக்காடலாம்.

ஆனால், காலம் காத்திருக்காது. 2022 ஏப்ரல் முதல் நடைமுறைக்கு வந்த விதிப்படி, ஆறு மாதத்துக்குள் மனுச் செய்யவேண்டும். இவ்விதியை எதிர்த்து வழக்குகள் எழுந்துள்ளன. அவற்றின் முடிவை நம்பித் தாமதிப்பது அறிவுடைமை ஆகாது.

உடனே செய்யவேண்டியவை எவை?

1. காயம்பட்டவரை மருத்துவமனையில் சேர்ப்பது. மற்றவையெல்லாம் அதன் பின்பே.

2. வண்டியின் எண், நேரம், இடம், சாட்சிகளின் பெயர் ஆகியவற்றைக் குறித்து, படமும் எடுத்து வைப்பது. ஆய்வுக்கூடத்தில் குறிக்காத அளவு கணக்கில் சேராது; இங்கும் அப்படியே.

3. போலீசில் புகார் பதிவது. 2024 ஜூலை முதல் எல்லை பாராமல் எந்தக் காவல் நிலையத்திலும் பதியலாம். முதல் தகவல் அறிக்கையின் நகல் புகார் செய்தவருக்கு இலவசம். தெலுங்கில் இருந்தால் படிக்கத் தெரிந்தவரைக் கொண்டு சரிபார்க்கவேண்டும்.

4. மருத்துவச் சீட்டுகளையும் ரசீதுகளையும் சம்பளச் சான்றையும் பாதுகாப்பது.

5. நம் வண்டி சேதமானால், பழுதுபார்க்குமுன் இன்ஷூரன்ஸ் கம்பெனிக்கு அறிவிப்பது.

ஓட்டியவர் குற்றத்தை நிரூபிக்காமலே, மரணத்துக்கு 5 லட்சமும் கொடுங்காயத்துக்கு 2.5 லட்சமும் பெறச் சட்டத்தில் இடமுண்டு. ஆனால் அதை ஏற்றுக்கொண்டால் தீர்ப்பாய மனு அற்றுப்போகும். சம்பாதிக்கும் இளைஞரை இழந்த குடும்பத்துக்குத் தீர்ப்பாயம் வருமானத்தையும் வயதையும் கணக்கிட்டு இதனினும் மிகுதியாக அளிக்கக்கூடும். ஆகையால் வழக்கறிஞரைக் கேளாமல் கையொப்பமிடலாகாது. மோதிய வண்டி இன்னதென்று தெரியாமற் போனாலும், மரணத்துக்கு 2 லட்சமும் கொடுங்காயத்துக்கு 50,000 ரூபாயும் அரசுத் திட்டத்தில் உண்டு.

மாணவர்க்கு இன்னும் ஒன்று. கட்டாய இன்ஷூரன்ஸ் மட்டும் உள்ள மோட்டார் சைக்கிளில் பின்னால் அமர்ந்து செல்பவருக்கு அந்த வண்டியின் இன்ஷூரன்ஸ் பொறுப்பேற்பதில்லை. நண்பரின் வண்டியில் ஏறுமுன் பாலிசியைப் பார்ப்பது நலம்.

தோழர்களே, விடுமுறைக்கு ஊர் செல்லும்போது இச்செய்தியையும் கொண்டு செல்லுங்கள். படித்தவர் அறிந்தும் சொல்லாதிருந்தால், படியாதவர்க்கு உரிமை ஏட்டளவிலேயே நிற்கும்.